ஆறுதலாக இருந்து போக

பண்டாரவளை ஸ்டேஷனில் இறங்கி, புளோறன்ஸ் அக்காவின் வீட்டுக்குப் போக வேண்டும் என்று என் கணவர் கிளெமென்ற் சொன்னதும் மாட்டு வண்டிக்காரன் தலைப்பாகையை அவிழ்த்துக் கையில் எடுத்துக்கொண்டான். பிறகு எங்களை மேலும் கீழும் பார்த்தான். நான் மஞ்சள் சேலை உடுத்தியிருந்தேன். கிளெமென்ற் கந்தோர் வேலைக்குப் போடுகிற வெள்ளைக் கோட்டில் இருந்தார். அவனுக்கு ஏதோ சரிவரவில்லை.

"யாருங்க தவறிட்டாங்க?" என்று அடக்கமாகக் கேட்டான்.

"ஒருத்தரும் தவறயில்ல," என்றார் கிளெமென்ற்.

"அப்ப அந்த வீட்டுக்கு எதுக்குங்க போறீங்க?"

கிளெமென்ற் வண்டியில் ஏறி உட்கார்ந்தார். எனக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தால் வழி முழுக்கப் பேச்சுக் கேட்க வேண்டும் என்பதால் முந்தானையை வாயில் வைத்து இருமிச் சமாளித்தேன். அவருடைய காது மடல் சிவந்திருந்தது. என் கணவருக்குக் கோபம் முதலில் காதில்தான் தெரியும்.

அவருக்கு மூத்தவர் புளோறன்ஸ் அக்கா, இளையவள் பிலோமினா. இருவரும் கலியாணம் கட்டவில்லை. என் மாமி, அவருடைய தாய், கண்ணை மூடிய பிறகு கொட்டாஞ்சேனை வீட்டில் எங்களோடுதான் இருந்தார்கள். பிலோமினாவுக்கு மூச்சு இழுப்பு. துறைமுகத்துக் காற்று அவளுக்கு ஆகாது, கொஞ்ச நாள் பண்டாரவளைப் பக்கம் போய் இருக்கட்டும் என்று டாக்டர் சொன்னார். கொஞ்ச நாள் என்றுதான் அந்த மனுஷன் சொன்னார். இவர்கள் இருவரும் போய் மலைச் சரிவில் ஒரு பழைய பங்களாவைப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்து, அதை எடுத்து விருந்தினர் விடுதி நடத்தப் போகிறோம் என்று நின்றார்கள். தாங்கள் காலமெல்லாம் தம்பியின் வீட்டுப் பின்னறையில் இருந்து முடிக்க முடியாது என்றார் புளோறன்ஸ் அக்கா. அதைக் கோபமாகச் சொல்லவில்லை, பயறு புடைத்துக்கொண்டே சொன்னார்.

பங்களாவின் சொந்தக்காரர் சிறில் மாத்தயா, ஆம்பிளை ஒருவரின் கையெழுத்து இல்லாமல் வீடு தர மாட்டேன் என்றுவிட்டார். அதனால் குத்தகை கிளெமென்ற்றின் பெயரில் ஆனது. அவரும் ஒரு நிபந்தனை போட்டார். ஒரு வருஷம் பார்ப்பது. மரியாதையான ஆட்கள் வந்து போகிற இடமாக அது வராவிட்டால் மூட்டையைக் கட்டிக்கொண்டு கொட்டாஞ்சேனைக்கு வந்துவிட வேண்டும். அந்த வருஷம் முடிந்துவிட்டது. புதிய ராஜாவின் முடிசூட்டு விழாவுக்கு அடுத்த மாதம் என்று நாள் குறித்து, கொழும்பு முழுக்கக் கொடியும் தோரணமுமாக இருந்தது. இன்று பின்னேரம் சிறில் மாத்தயா பதில் கேட்டு வருவார். கிளெமென்ற் வேண்டாம் என்று சொல்வார். இராக் கோச்சியில் நாங்கள் திரும்புவோம், மாத முடிவில் அக்காவும் தங்கச்சியும் பின்னால் வருவார்கள். ரயிலில் வரும்போதே அவர் எல்லாவற்றையும் தீர்மானித்து முடித்திருந்தார்.

எனக்கும் அதுதான் விருப்பம். ஒளிப்பானேன்? இரண்டு பெண்பிள்ளைகளை வைத்துக்கொண்டு, பேச்சுத் துணைக்கு ஆளில்லாமல், நானே மீன் வெட்டி நானே குழம்பு வைத்து அலுத்துப்போயிருந்தேன். இந்த ஒரு நாள் பயணத்துக்கே பிள்ளைகளை வெள்ளவத்தையில் என் தாய் வீட்டில் விட்டுத்தான் வர முடிந்தது. மச்சாள்மார் இருவரும் எனக்கு வேண்டும். அவர்களுடைய நன்மைக்கு என்று சொல்லிக்கொண்டாலும் என்னுடைய வசதிக்குத்தான்.

கிளெமென்ற்றின் காது சிவந்ததற்கு ஒரு சொல் காரணம். வீடு எடுத்த புதிதில் புளோறன்ஸ் அக்கா, எங்கள் ஆட்கள் வாசிக்கிற ஒரு வாரப் பத்திரிகைக்கு விளம்பரம் எழுதிக் கொடுத்தார். மலைநாட்டின் குளிர்ந்த காற்றில் ஆறுதலாக இருந்து போக விரும்புகிறவர்களுக்கு நல்ல வீடு, நல்ல சாப்பாடு, கத்தோலிக்கப் பெண்கள் நடத்துவது என்று. எங்களுக்கு ஆறுதல் என்றால் அவசரம் இல்லாமல் இருப்பது. ஆறுதலாகச் சாப்பிடு என்போம், ஆறுதலாக வாங்கோ என்போம். அச்சகத்தில் எழுத்துக் கோக்கிற சுடலைமுத்து தூத்துக்குடிப் பக்கத்து மனிதர். அவருடைய ஊரில் ஆறுதல் என்பது இழவு வீட்டில் போய்ச் சொல்வது. அவர் விளம்பரத்தை வாசித்தார், மனம் இளகினார், அதை மரண அறிவித்தல்களுக்கு நடுவில் கறுப்புக் கட்டம் கட்டி வைத்தார். இருக்கட்டும் பாவம் என்று மேலே ஒரு சிலுவையும் சேர்த்தார்.

பத்திரிகை மலைக்குப் போய்ச் சேரவில்லை. ஆட்கள்தான் போய்ச் சேர்ந்தார்கள். முதல் விருந்தினர் வருகிறார் என்று பிலோமினா வாசல் படலையில் கடதாசிப் பூ கட்டி, இரவல் வாங்கிய கிராமபோனில் ஒரு டான்ஸ் இசைத்தட்டைச் சுழலவிட்டுக் காத்து நின்றிருக்கிறாள். வண்டியிலிருந்து இறங்கியவர் முகத்துவாரத்து றோஸி. புருஷனை அடக்கம் பண்ணிப் பத்து நாள்கூட ஆகவில்லை, தலை முதல் கால் வரை கறுப்பு. பிலோமினாவுக்குக் கையும் ஓடவில்லை காலும் ஓடவில்லை. றோஸி படலையைப் பிடித்துக்கொண்டு இசைத்தட்டு முடியும் வரை நின்று கேட்டிருக்கிறார். பிறகு, "திரும்ப ஒருக்காப் போடுங்கோ" என்றாராம்.

அடுத்து வந்தவர்களும் கறுப்பு. அதற்கடுத்தவர்களும் கறுப்பு. கொழும்பில் ஏதோ பெரிய நோய் பரவி ஆட்கள் செத்துக்கொண்டிருக்கிறார்கள், நமக்கு மறைக்கிறார்கள் என்று அக்காவும் தங்கச்சியும் பயந்து, நாங்கள் எல்லோரும் உயிரோடு இருக்கிறோமா என்று தந்தி அடித்துக் கேட்டார்கள். அந்தத் தந்தியை வாங்கிக்கொண்டு நானும் அவரும் ஒருவரையொருவர் பார்த்து நின்றது எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. பத்திரிகைத் துண்டைப் பிறகு றோஸிதான் கைப்பையிலிருந்து எடுத்துக் காட்டினார். பிலோமினா திருத்தம் போட வேண்டும் என்று குதித்தாள். புளோறன்ஸ் அக்கா ஒரு நாள் யோசித்துவிட்டு, வேண்டாம், வந்தவர்கள் வந்தபடி இருக்கட்டும் என்றார்.

இந்தக் கதை கொழும்புக்கு வர எத்தனை நாள் ஆகும்? துறைமுகக் கந்தோரில் கிளெமென்ற்றுக்கு அதே பகிடிதான். ஒருநாளும் ஒருவரையும் நோகப் பேசாத ராசிக் நானாகூட, உங்கட அக்கா தங்கச்சிமார் நடத்துற மௌத்து ஊடு எப்பிடிப் போகுது என்று, செத்தவீட்டைத்தான், அன்பாக விசாரித்தாராம்.

வீட்டுக்குக் கீழே வளைவில் வண்டி திரும்பியபோது மேலிருந்து சிரிப்புச் சத்தம் கேட்டது. கிளெமென்ற் நிமிர்ந்து உட்கார்ந்தார். விறாந்தையில் கறுப்புடுத்த பெண்கள் நாலு பேர் மேசையைச் சுற்றி உட்கார்ந்து ஓமிச் சீட்டு விளையாடிக்கொண்டிருந்தார்கள். கையில் கறுப்புப் பட்டி கட்டிய கிழவர் ஒருவர் பின்னால் நின்று இரண்டு பக்கத்துக்கும் சீட்டைக் காட்டிக்கொடுத்துக்கொண்டிருந்தார். கட்டையான, தாடை பருத்த ஒரு பெண் சீட்டை ஓங்கி மேசையில் அடித்து எழும்பி நின்று கொக்கரித்தார். அதுதான் றோஸி. வண்டியில் வெள்ளைக் கோட்டைக் கண்டதும் எல்லாம் மாறியது. சீட்டுகள் மடிக்குள் போயின. நாலு முகமும் தொங்கின. கிழவர் கைக்குட்டையை எடுத்தார். ஒருவர் மெதுவாக விசும்பவும் தொடங்கிவிட்டார். கொழும்பிலிருந்து யாருடைய சொந்தக்காரரோ வேவு பார்க்க வந்துவிட்டார் என்று நினைத்திருக்கிறார்கள்.

பிலோமினா ஓடி வந்தாள். "பயப்பிடாதீங்கோ, இது எங்கட அண்ணன்" என்று அவர்களிடம் சொன்னாள். சீட்டுகள் மடியிலிருந்து மேசைக்கு வந்தன.

கிளெமென்ற் என் பக்கம் குனிந்தார். "செத்தவீடு எண்டாங்கள். இது செத்தவீடாவும் இல்லையே." அவருடைய குரலில் இருந்த கவலையைக் கேட்டு எனக்கு மறுபடி இருமல் வந்தது.

குசினியில் பிலோமினா எனக்குக் கோப்பியும் லவ் கேக்கும் தந்தாள். ஒரு வருஷத்தில் அவள் முகம் நிரம்பியிருந்தது. படியேறி இறங்கி, விறகு தூக்கி, ஓயாமல் பேசிக்கொண்டும் இருந்தாள். நெஞ்சில் அந்தக் கீச்சுச் சத்தம் இல்லை. கொட்டாஞ்சேனையில் சுவருக்கு அந்தப் பக்கம் அவள் மூச்சுக்குப் போராடுவதைக் கேட்டபடி நான் படுத்திருந்த இரவுகள் எனக்குத் தெரியும். நான் கேக் நல்லாயிருக்கு என்று மட்டும் சொன்னேன். சமையலுக்கு உதவிக்குப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்திலிருந்து ஆறாயி என்று ஒருத்தி வந்தாள். வந்த புதிதில் பிலோமினா அவளிடம் தினமும் சாயந்தரம், வீட்டுக்குப் போக வெளிக்கிட்டாச்சா என்று கேட்பாளாம். எங்களுக்கு வெளிக்கிடுவது என்றால் புறப்படுவது, ஆறாயிக்கு வெளிக்கு என்றால் கொல்லைக்குப் போவது. இந்த அம்மாவுக்கு ஊரில் இல்லாத அக்கறை என்று நினைத்து, கூச்சப்பட்டுக்கொண்டே, காலையிலேயே ஆச்சுங்கம்மா என்று பல நாள் பதில் சொல்லியிருக்கிறாள். இதை எனக்குச் சொல்லிவிட்டு இரண்டு பேரும் அடுப்படியில் உட்கார்ந்து சிரித்தார்கள்.

வீட்டு ஒழுங்கையும் பிலோமினாதான் சொன்னாள். புளோறன்ஸ் அக்கா வைத்தவை இரண்டே. எப்படி நடந்தது என்று ஒருவரும் ஒருவரையும் கேட்கக்கூடாது. எங்கள் ஊரில் செத்தவீட்டுக்கு வருகிற ஒவ்வொருவரும் அதைத்தான் முதலில் கேட்பார்கள். தாலி அறுத்தவள் ஆதியிலிருந்து சொல்ல வேண்டும், சொல்லி முடிக்கும்போது அழ வேண்டும், அடுத்த ஆள் வந்ததும் திரும்பத் தொடங்க வேண்டும். அங்கே அது கிடையாது. மற்றது, புதிதாக வந்தவர் அன்று மாலைச் செபத்தில் தன் ஆளின் பெயரை ஒரு தடவை சொல்ல வேண்டும். எல்லோரும் சேர்ந்து செபிப்பார்கள். அதற்குப் பிறகு அழுவதும் சிரிப்பதும் இரண்டு தரம் சோறு போட்டுச் சாப்பிடுவதும் அவரவர் பாடு. றோஸி இது மூன்றாவது தடவை வந்திருக்கிறார். இந்த முறை துக்கத்துக்கு வீட்டில் ஆள் கிடைக்காமல், சிங்கப்பூரில் இறந்துபோன, கண்ணால் காணாத ஒரு ஒன்றுவிட்ட மச்சானின் பெயரைச் சொன்னாராம்.

பிலோமினா என் கையைப் பிடித்தாள். "மச்சாள், நீங்க சொன்னா அண்ணன் கேப்பார்."

நான் கேக் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு கிளெமென்ற் அக்காவைத் தோட்டத்துப் பக்கம் கூட்டிக்கொண்டு போனார். நானும் போனேன். அவர் கந்தோரில் மேலதிகாரிக்கு விளக்கம் கொடுக்கிற தோரணையில், ஒவ்வொரு விரலாக மடித்துப் பேசினார். மரியாதையான விடுதி என்று சொல்லி எடுத்த வீடு இது. ஊரில் இதை என்ன பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள் தெரியுமா? அதுவாவது போகட்டும், துக்கத்துக்கு என்று வந்தவர்கள் பட்டப்பகலில் சூதாடிச் சிரிக்கிறார்கள். நாளைக்கு அவர்களுடைய சொந்தங்கள் என் வாசலில் வந்து நின்றால் நான் என்ன முகத்தோடு பேசுவது? புளோறன்ஸ் அக்கா போஞ்சிக் கொடியில் முற்றினதைப் பிடுங்கி மடியில் போட்டுக்கொண்டே கேட்டார்.

"ஊர் சிரிக்குது, அக்கா," என்று முடித்தார் கிளெமென்ற்.

"சிரிக்கட்டும் தம்பி. ஊருக்கு எப்பவும் சிரிக்கலாம். இவங்களுக்கு அங்க சிரிக்க ஏலாது."

கிளெமென்ற் மடித்திருந்த விரல்களை விரித்தார். பிறகு, பின்னேரம் சிறில் மாத்தயாவிடம் வேண்டாம் என்று சொல்லப் போவதாகச் சொன்னார். அக்கா வாதாடுவார் என்று நான் எதிர்பார்த்தேன். அவர் ஒரு காயை எடுத்து முறித்துப் பார்த்து, அது நார் விட்டிருந்ததால் தூர எறிந்தார். "சரி. செபம் முடியட்டும், அதுக்குப் பிறகு சொல்லு" என்று மட்டும் சொன்னார். அவருடைய மடியில் போஞ்சி குவிந்திருந்தது. இத்தனை பேருக்கு நாளைக்குச் சமைக்கத்தான் அதைப் பிடுங்கிக்கொண்டிருக்கிறார் என்று எனக்கு விளங்கியது. ஆனாலும் நான் வாயைத் திறக்கவில்லை. கொட்டாஞ்சேனையில் எனக்காகக் காத்திருந்த வீடும் அடுப்பும் கண்ணுக்குள் நின்றன.

வெளிச்சம் போகத் தொடங்கியதும் கூடத்தில் மாதாவின் படத்துக்கு முன்னால் விளக்கு ஏற்றிச் செபமாலை சொன்னோம். கறுப்புச் சேலைகளுக்கு நடுவில் நான் மஞ்சளோடு முழந்தாளில் நின்றேன். கிளெமென்ற் எனக்குப் பின்னால். செபமாலை முடிகிற நேரத்தில் விறாந்தையில் செருப்புச் சத்தம் கேட்டது. சிறில் மாத்தயா வந்து நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். வழக்கப்படி றோஸி என் பக்கம் திரும்பி, புதிதாக வந்தவர் பெயரைச் சொல்லலாம் என்றார்.

"அவங்க அதுக்கு வரயில்ல, றோஸி," என்றார் புளோறன்ஸ் அக்கா.

"யூஜின்," என்றேன் நான்.

சொல்ல வேண்டும் என்று நான் நினைக்கவே இல்லை. நாலு வருஷமாக அந்தப் பெயரை நான் சத்தமாகச் சொன்னதில்லை. யூஜின் எங்கள் மூன்றாவது பிள்ளை, ஒரே ஆண்பிள்ளை. எட்டு மாதத்தில் காய்ச்சலில் போய்விட்டான். ஞானஸ்நானம் பெற்ற குழந்தை இறந்தால் சம்மனசாகி, அதாவது வானதூதனாகி, நேரே மோட்சத்துக்குப் போகிறது என்பது எங்கள் விசுவாசம். அதனால் அதற்குக் கறுப்பு உடுத்துவதில்லை. வெள்ளைப் பெட்டி, வெள்ளைப் பூ, கோவில் மணியைக்கூடத் திருநாளுக்கு அடிக்கிறபடிதான் அடித்தார்கள். வந்த பெண்கள் எல்லோரும் என் தலையைத் தடவி, சம்மனசின் தாய் அழக்கூடாது மகள் என்றார்கள். எப்படி நடந்தது என்று ஒருவர்கூடக் கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன். கிளெமென்ற் அடுத்த நாளே கந்தோருக்குப் போனார். நான் அழவில்லை. நல்ல விசுவாசமுள்ள பிள்ளை என்று கொட்டாஞ்சேனையில் என்னை எல்லோரும் மெச்சினார்கள்.

புளோறன்ஸ் அக்கா பரமண்டல மந்திரத்தைத் தொடங்கினார். எல்லோரும் சேர்ந்து சொன்னார்கள். செபம் முடிந்து மற்றவர்கள் எழும்பினார்கள். நான் எழும்பவில்லை. எழும்பினால் யாராவது சம்மனசு என்று சொல்லிவிடுவார்கள் என்று பயமாக இருந்தது.

றோஸி என் பக்கத்தில் சிரமப்பட்டுத் திரும்பவும் முழந்தாளிட்டார். "எப்பிடி எண்டு நான் கேக்கயில்ல, புளோறன்ஸ் மிஸ்," என்று முதலில் அக்காவிடம் சொன்னார். பிறகு என்னிடம், "பிள்ள ஆரப் போல?" என்றார்.

பிள்ளை என்று அவருக்கு எப்படித் தெரிந்ததோ. நான் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டேன்.

"அக்காவப் போல," என்றார் எனக்குப் பின்னால் கிளெமென்ற். எல்லோரும் அவரைப் பார்த்தார்கள். அவர் இன்னும் முழந்தாளில்தான் இருந்தார். "மூக்கு. அக்காவின்ட மூக்கு அப்பிடியே. இத்தினிக்காணும் முகத்தில அவ்வளவு பெரிய மூக்கு."

அத்தனை கண்களும் புளோறன்ஸ் அக்காவின் மூக்கில் போய் நின்றன. அது சாதாரண மூக்கு அல்ல என்பதை நான் சொல்லித்தான் ஆக வேண்டும். மாமாவின் குடும்பச் சொத்து. கிளெமென்ற் அதற்குத் தப்பினார், பிலோமினா தப்பினாள், அக்கா தப்பவில்லை. இரண்டு கலியாணப் பேச்சு அந்த மூக்கில் தட்டி நின்றுபோனது எங்கள் வீட்டில் எல்லோருக்கும் தெரியும், ஒருவரும் கதைப்பதில்லை. அக்கா சட்டென்று கையால் மூக்கை மூடினார். முதலில் வெடித்தவர் றோஸி. அடுத்தது பிலோமினா. "தொட்டிலுக்க எட்டிப் பாத்தா முதல்ல அதுதான் தெரியும்" என்று அவள் சொல்ல, கறுப்புச் சேலைகள் எல்லாம் ஒன்றின்மேல் ஒன்று சாய்ந்து சிரித்தன. கிளெமென்ற் சிரித்தார். சிரித்துக்கொண்டே அழுதார், முகத்தை மறைக்கவும் இல்லை. நானும் அழுதேன். மஞ்சள் சேலையோடு, முன்பின் தெரியாத ஆட்களுக்கு நடுவில் உட்கார்ந்து, வாய்விட்டு, வெட்கமில்லாமல் அழுதேன். றோஸி என்னை அழாதே என்று சொல்லவில்லை. என் முதுகில் கையை வைத்துக்கொண்டு, மூக்குக்குள்ள சளி அடைச்சா நல்லா உறிஞ்சியிருப்பானே என்று கேட்டார். ஓம் என்றேன். தலைமாட்டில் துணியை மடித்து வைத்துத்தான் படுக்கவைப்போம் என்றேன். எனக்குப் பேச்சு வந்துவிட்டது. அவன் தவழ்ந்தது, சீப்பைக் கடித்தது, அக்காவின் செபமாலையை விழுங்கப் பார்த்தது என்று ஒவ்வொன்றாகச் சொன்னேன். நான் மறந்ததைக் கிளெமென்ற் எடுத்துக் கொடுத்தார். இத்தனையும் அவருக்கு நினைவிருக்கிறது என்று எனக்கு அன்று வரை தெரியாது.

உள்ளே நடக்கிறது ஒன்றும் விளங்காமல் சிறில் மாத்தயா வாசலில் வந்து நின்று, முடிவு என்ன என்று சிங்களத்தில் கேட்டார். கிளெமென்ற் திரும்பிப் பார்க்கவில்லை. "பொட்டக் இன்ன, மாத்தயா" என்று, கொஞ்சம் இருக்கும்படி கையை மட்டும் காட்டினார். அவரும் தொப்பியைக் கழற்றிக்கொண்டு போய்ப் பழையபடி உட்கார்ந்தார்.

யூஜினின் படம் ஒன்றும் எங்களிடம் இல்லை. மேல்பல் வரட்டும், பிறகு ஸ்டூடியோவுக்குக் கொண்டுபோவோம் என்று நாளைக் கடத்திவிட்டோம். அதையும் நான் றோஸியிடம் சொன்னேன். புளோறன்ஸ் அக்கா அதுவரை மூக்கிலிருந்து கையை எடுக்கவில்லை. நான் சொன்னதைக் கேட்டு என்னைப் பார்த்தார், தம்பியைப் பார்த்தார். பிறகு ஒரு நாற்காலியை எங்களுக்கு முன்னால் இழுத்துப் போட்டு, விளக்கின் திரியை உயர்த்திப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, பக்கவாட்டாகத் திரும்பி உட்கார்ந்தார். கையை எடுத்து மடியில் வைத்தார். நாங்கள் பார்த்து முடியும் வரை அவர் அசையவில்லை.